தேநீர்த் தட்டும் தெல்மா ஹேக்ஸ்பியும்

உலகத்தில் 'எங்கேயோ பார்த்த முகம்' என்று ஓர் இனம் உண்டு. எல்லா நாட்டிலும் அது விளைகிறது என்றாலும், அதன் மிகத் தேர்ந்த வகை பிரிட்டிஷ் தொலைக்காட்சியில் சில்லறை வேடம் கட்டும் அம்மாள்தான். அவரை நீங்கள் பார்த்திருக்கிறீர்கள். கொலை நடந்த மாளிகையின் கதவைத் திறந்து "ஐயா தோட்டத்துல இருக்காங்க" என்று சொன்னவர் அவர், ஆஸ்பத்திரி மேஜைக்குப் பின்னால் உட்கார்ந்து மூக்குக்கண்ணாடிக்கு மேலாகப் பார்த்து "முன்கூட்டியே சொல்லிட்டு வந்தீங்களா?" என்று ரத்தம் சொட்ட நின்றவனைக் கேட்டவர் அவர், ஒன்பது மணிக்கு மேல் குளிக்கக் கூடாது என்று சட்டம் போட்ட வீட்டுக்காரி, ஜாம் போட்டியில் நடுவர், கன்னியாஸ்திரீ மடத்தில் சாவிக்கொத்து வைத்திருப்பவர், ஒரு நீல வேன் வேகமாகப் போனதைப் பார்த்த சாட்சி, எல்லாம் அவர்தான். பெயர்? தெரியாது. உங்களுக்கு மட்டுமா, ஒருவருக்கும் தெரியாது.

இதைச் சொல்ல நீ யார் என்று கேட்பீர்கள். நானும் லண்டனில் முப்பது வருடமாக அதே பிழைப்புதான். என் நிறத்துக்கு அந்தக் காலத்தில் இரண்டே வேடங்கள் கிடைத்தன: ஒன்று தெருமுனைக் கடைக்காரர், இன்னொன்று டாக்டர். கடைக்காரராகப் பதினாறு தடவை கொள்ளை போனேன். டாக்டரான பிறகுதான் கொஞ்சம் நிம்மதி. அதுவும் போலீஸ் டாக்டர் என்றால் நோயாளிகள் எல்லோரும் முன்பே செத்திருப்பார்கள், தொந்தரவு கிடையாது.

இந்த இனத்துக்கு வேலையில்லாமல் போவதே இல்லை. 'ஓய்வில்' இருப்பார்கள். ஒருவர் இரண்டு வருடம் தொடர்ந்து ஓய்வெடுத்ததை நான் அறிவேன். பாவம், ஓய்வெடுத்து இளைத்தே போனார். தொலைபேசி மணி அடித்தால், அதன் பக்கத்திலேயே தவம் கிடந்தாலும், மூன்று தடவை அடித்து முடியும்வரை எடுக்கக் கூடாது. எடுத்த பின், "பொறுங்க, டைரியப் பாத்துச் சொல்றேன்" என்று நேற்றைய செய்தித்தாளை வாயருகே வைத்துச் சரசரவென்று புரட்ட வேண்டும். டைரியில் அந்த வாரம் முழுக்க எழுதியிருப்பது என்ன? 'பூனைக்கு மீன்.'

கதைப் பிரதி வந்தால் மற்றவர்கள் கதையைப் படிப்பார்கள். இவர்கள் எண்ணுவார்கள். முதலில் தனக்கு எத்தனை வரி. அடுத்து, எந்தப் பக்கத்தில் சாகிறோம். முதல் பக்கங்களில் சாவது ஏமாளித்தனம். கடைசிப் பக்கங்களில் சாவது கெட்டிக்காரத்தனம். பிணம் கிடைக்காமல் சாவதோ பெரும் பாக்கியம், ஏனென்றால் அடுத்த வருடம் ஈரத் துணியோடு எழுந்து வந்து கதவைத் தட்டலாம்.

கடைத்தெருவில் இவர்களுக்கு ஒரு சோதனை உண்டு. உருளைக்கிழங்குக் குவியலைச் சுற்றி ஒரு பெண்மணி பத்து நிமிடமாக வட்டமிடுவார். கடைசியில் துணிந்து கிட்டே வருவார். "உங்கள எங்கயோ பாத்திருக்கேனே! டான்காஸ்டர்ல பல் டாக்டர் ஆபீஸ்ல இருந்தீங்கல்ல?" தொழிலுக்கு வந்த முதல் வருடம் "இல்லீங்க, நான் நடிகை" என்று பதில் வரும். "அப்படியா, எதுல நடிச்சீங்க?" என்று அவர் கேட்க, இவர் ஒவ்வொன்றாகச் சொல்ல, "அது நான் பாக்கல, அதுவும் பாக்கல" என்று உருளைக்கிழங்கு முளைவிடும் வரை நீளும். பத்தாவது வருடம் எல்லோரும் ஒரே பதிலுக்கு வந்துவிடுகிறார்கள்: "ஆமா, நான்தான். பல்லெல்லாம் இப்ப எப்படி இருக்கு?"

ஆனால் இவர்களை ஏமாளிகள் என்று நினைத்துவிடாதீர்கள். படத்தை வெட்டி ஒட்டுகிற எடிட்டர்தான் இவர்களுடைய எமன். நேரம் போதவில்லை என்றால் முதலில் போவது இவர்கள் தலைதான். அதற்கு ஒரு தற்காப்பு கண்டுபிடித்திருக்கிறார்கள்: கதாநாயகன் கையில் எதையாவது கொடு. கடிதம், தொப்பி, குடை, எதுவானாலும் சரி. தேநீர் என்றால் மிக நல்லது. கொடுக்கிற கையை வெட்டினால் கோப்பை அந்தரத்தில் பறந்து வந்ததாக ஆகிவிடுமே, எப்படி வெட்டுவார்? அதனால்தான் பிரிட்டிஷ் நாடகங்களில் யார் செத்தாலும் தேநீர் வருகிறது. துக்கத்துக்கு மருந்து என்று நீங்கள் நினைத்திருப்பீர்கள்.

தெல்மா ஹேக்ஸ்பி இந்தக் கலையின் உச்சம். யார்க்ஷயர்க்காரர், அறுபத்தெட்டு வயது, அப்போது நாற்பத்து நான்கு வருட அனுபவம். அப்பர் ஸ்னெடில் என்ற கற்பனைக் கிராமத்தில் வாராவாரம் இரண்டு மூன்று கொலை விழும் துப்பறியும் தொடரில் நாங்கள் இருவரும் ஒன்பது வருடம் இருந்தோம். (அத்தனை கொலைக்குப் பிறகும் அந்த ஊரில் வீடு வாங்க ஆள் வந்துகொண்டே இருந்தார்கள், ஆங்கிலேயருக்குத் தோட்டம் நன்றாக இருந்தால் போதும்.) நான் பிணத்தின் அருகே மண்டியிட்டு, மணிக்கட்டைப் பிடித்து, "நேத்து ராத்திரி பத்துக்கும் பன்னண்டுக்கும் நடுவுல" என்பேன். ஒன்பது வருடமும் இதே வரி. தெல்மா, காவல் நிலையத்தில் தேநீர் போடும் மிஸஸ் டாப்ஸ். பிணம் காட்டில் கிடந்தாலும் தேவாலயக் கூரையில் கிடந்தாலும் தட்டோடு வந்து நிற்பார்.

துப்பறியும் இன்ஸ்பெக்டர் பாரட்டாக வந்தவர் டெஸ்மண்ட் வேரிங். ஆறடி உயரம், அலையலையாக முடி, கோயில் மணி மாதிரிக் குரல். மூளைக்குள் மட்டும் ஒரு வரி தங்காது. கொலைகாரனை எல்லோர் முன்னாலும் அம்பலப்படுத்தும் கடைசிக் காட்சியில் இரண்டு பக்க வசனத்தை அவர் கணீரென்று பொழிவதைப் பார்த்து நாடே மெய்ம்மறந்தது. உண்மை மூன்று பேருக்குத்தான் தெரியும்: அவருக்கு, தெல்மாவுக்கு, எனக்கு. அந்த வசனம் முழுவதையும் தெல்மா புருவம் தீட்டும் பென்சிலால் சாசரில் பொடிப்பொடியாக எழுதிக் கொண்டுவந்து கொடுப்பார். டெஸ்மண்ட் கோப்பையைத் தூக்கி, சிந்தனையில் ஆழ்ந்தவர் போலச் சாசரைக் குனிந்து பார்ப்பார். 'கண்களில் என்ன ஆழம்!' என்று பத்திரிகைகள் எழுதின.

இந்த டெஸ்மண்ட் எல்லோரையும் 'டார்லிங்' என்றே கூப்பிடுவார். நாடகக்காரர்கள் எல்லோரும் அப்படித்தான். வெளியாட்கள் அதைப் பாசம் என்று எண்ணிப் பூரித்துப்போகிறார்கள். பெயர் மறந்துவிட்டது என்று அர்த்தம், அவ்வளவுதான்.

தெல்மாவுக்கு மிஸஸ் டாப்ஸ் வெறும் வேடமாக இருக்கவில்லை. ஒருநாள் ஒப்பனை நாற்காலியில் உட்கார்ந்தபடி என்னிடம் சொன்னார்.

"டாக்டரே, இன்னிக்கு பஸ்ல ஏறுனேன். டிரைவர் சொல்றான், 'வாங்க மிஸஸ் டாப்ஸ், இன்னிக்கு எத்தன பொணம்?'னு."

"நல்ல மரியாதைதான்."

"கேலி பண்ணாதீங்க. நாப்பது வருசமா 'பல் டாக்டர் ஆபீசு, தபால் ஆபீசு'ன்னாங்க. இப்பத்தான் மொத மொத ஒரு பேரு சொல்லிக் கூப்பிடுறாங்க. அது என் பேரா இல்லாட்டிப் போகுது. ஒரு பேராச்சே!"

பத்தாவது வருடம் புதிய தயாரிப்பாளராக ஃபிலிப்பா வந்தாள். இருபத்தொன்பது வயது, நடக்கும்போதே பேசுவாள், பேசும்போதே கடிகாரம் பார்ப்பாள். வந்த வேகத்தில் புதுக் கதைப் பிரதி வந்தது. தெல்மா வழக்கம்போல எண்ணிக்கொண்டே போய் ஓர் இடத்தில் நின்றுவிட்டார்.

"டாக்டரே, முப்பத்தொண்ணாம் பக்கம் பாத்தீங்களா?"

"பாத்தேன் தெல்மா." பார்க்காமல் என்ன? யாரோ மிஸஸ் டாப்ஸை நிலவறைப் படிக்கட்டில் தள்ளிவிடுகிறார்கள்.

"பொணத்த யாரு கண்டுபுடிக்கறா?"

"வேற யாரு, நான்தான். பத்துக்கும் பன்னண்டுக்கும் நடுவுல."

"அப்ப கெடைச்சிருது" என்றார். பிணம் கிடைத்துவிட்டால் எல்லாம் முடிந்தது என்பது எங்கள் இருவருக்கும் தெரியும்.

ஃபிலிப்பாவிடம் போய்க் கேட்டும் பார்த்தார். நான் துணைக்குப் போனேன்.

"இது உங்களுக்கு எவ்வளவு பெரிய கௌரவம் தெரியுமா? நாடே அழப்போகுது!" என்றாள் அவள்.

"அழட்டும்மா. அழுது முடிச்சுட்டு அடுத்த வாரம் உக்காந்தா, டீ யாரு கொண்டாருவா?"

"டீயா? தெல்மா, காலம் மாறிடுச்சு. ஸ்டேஷன்ல காபி மெஷின் வெக்கறோம். காகித கப்புல."

நாற்பத்து நான்கு வருட உழைப்பின் இடத்தில் ஒரு மெஷின். எனக்கு அவள் காதைத் திருக வேண்டும் போலிருந்தது. ஆனால் என் வரி முப்பத்திரண்டாம் பக்கத்தில் இருக்கிறதே, சிரித்துவிட்டு வந்தேன். எங்கள் இனத்தின் வீரம் இந்த மட்டில்தான்.

படப்பிடிப்பில் கதை வரிசையாக எடுக்கப்படுவதில்லை என்பதைச் சொல்ல வேண்டும். கடைசிக் காட்சியைக் காலையில் எடுப்பார்கள், அதற்கு முன் நடந்த சாவை மதியம் எடுப்பார்கள். அன்றைக்கும் அப்படித்தான். மாளிகையின் வரவேற்பறையில் சந்தேகத்துக்குரிய ஏழு பேர் சோபாக்களில் அமர்ந்திருந்தார்கள். மதியச் சாவுக்காக நெற்றியில் சிவப்புச் சாயம் பூசிக்கொண்டு, தெல்மா ஓரமாக ஒரு மடக்கு நாற்காலியில் குறுக்கெழுத்துப் போட்டுக்கொண்டிருந்தார். டெஸ்மண்ட் கையில் காகிதக் கோப்பை. அதற்குச் சாசர் கிடையாது என்பதை யாரும் யோசிக்கவில்லை, டெஸ்மண்ட் உட்பட.

"நேற்று இரவு இந்த அறையில்..." என்று தொடங்கினார். குனிந்து பார்த்தார். காகிதக் கோப்பையின் மூடி அவரைப் பார்த்தது.

"இந்த அறையில்... ஆம், இந்த அறையில்தான்... வேறு எந்த அறையிலும் இல்லை..."

"கட்!" மறுபடி. "கட்!" மறுபடி. மூடியைத் திறந்து உள்ளே பார்த்தார். கோப்பையைக் கவிழ்த்து அடியைப் பார்க்கப்போய்க் காபியைக் கால்சட்டையில் கொட்டிக்கொண்டார். பத்தொன்பது தடவை எடுத்தார்கள். பதினான்காவது தடவையில், கொலைகாரனாக நடித்தவர் குற்றம் சாட்டப்படுவதற்காகக் காத்திருந்தபடியே தூங்கிப்போனார். ஃபிலிப்பா கடிகாரத்தைப் பார்ப்பதை நிறுத்திவிட்டு அதைக் கையிலிருந்து கழற்றியே வைத்துவிட்டாள்.

தெல்மா நிமிரவே இல்லை. ஆனால் நான் பார்த்தேன்: குறுக்கெழுத்தை அவர் போட்டுக்கொண்டிருந்தது புருவப் பென்சிலால்.

சாப்பாட்டு இடைவேளையில் நானும் தெல்மாவும் உணவு வண்டியின் பக்கம் மசித்த உருளைக்கிழங்கோடு உட்கார்ந்திருந்தோம். டெஸ்மண்ட் ஈரக் கால்சட்டையோடு வந்து நின்றார். அவ்வளவு பெரிய மனிதர் குரலைத் தாழ்த்திப் பேசி நான் கேட்டது அதுவே முதல் தடவை.

"டார்லிங், ஒரே ஒரு சாசர்..."

"செத்தவ எப்படி டீ கொண்டாருவா, டெஸ்மண்ட்?"

"விளையாடாத. நீ இல்லாம என்னால முடியாதுன்னு உனக்கே தெரியும்ல?"

"நீன்னா யாரு?"

"என்ன கேக்கற?"

"என் பேரு என்ன, டெஸ்மண்ட்?"

டெஸ்மண்ட் என்னைப் பார்த்தார். நான் உருளைக்கிழங்கைப் பார்த்தேன். அவருக்குக் கழுத்திலிருந்து காது வரை சிவந்தது.

"டாப்ஸ்..." என்று இழுத்தார்.

"அது வேசத்தோட பேரு."

"டார்லிங்..."

"ஒம்போது வருசம். நானூறு கப்புக்கு மேல குடுத்திருக்கேன். ஒன்னோட ஒவ்வொரு வார்த்தையும் என் கையெழுத்து. என் பேரு தெல்மா. தெல்மா ஹேக்ஸ்பி." சொல்லிவிட்டு, சாயம் பூசிய நெற்றியைத் தொடாமல் கண்ணைத் துடைத்துக்கொண்டார்.

எனக்கு மனசு ரொம்பக் கஷ்டப்பட்டது. டெஸ்மண்ட் மேல் கோபமும் வந்தது. ஒன்பது வருடமாக என்னையும் அவர் 'டாக்டர் டார்லிங்' என்றுதான் கூப்பிட்டார் என்பது அப்போதுதான் உறைத்தது.

அவர் கெட்டவர் இல்லை, அதையும் சொல்லிவிட வேண்டும். "தெல்மா, தெல்மா, தெல்மா" என்று மந்திரம்போல முணுமுணுத்துக்கொண்டே ஃபிலிப்பாவின் அலுவலக வண்டியை நோக்கி நடந்தார். வண்டிப் படியில் கால் வைத்தபோதே பெயர் போய்விட்டது போலிருக்கிறது. திறந்த கதவு வழியாக எங்களுக்கு எல்லாம் கேட்டது.

"அவளக் கொல்லக் கூடாது! அந்த... அதான்... மிஸஸ் டாப்ஸ!"

"ஏன் டெஸ்மண்ட்?"

"இந்தக் காகித கப்ப வெச்சுக்கிட்டு என்னால ஒரு கொலைகாரனையும் புடிக்க முடியாது!"

"அதான் ஏன்னு கேக்கறேன்."

சாசர் ரகசியத்தைச் சொன்னால் மானம் போகும். சொல்லாவிட்டால் காட்சி போகும். டெஸ்மண்ட் தன் வாழ்க்கையிலேயே முதல் தடவையாகச் சொந்தமாக ஒரு வசனம் பேசினார்: "அவ பக்கத்துல நின்னாத்தான் பாரட்டுக்கு மூள வேல செய்யுது. ஒம்போது வருசமா அப்படித்தான்."

ஃபிலிப்பா வெளியே வந்தபோது அவள் கண் கலங்கியிருந்தது. "எவ்வளவு ஆழமான கலைஞர்!" என்றாள். அப்புறம் என்னைப் பார்த்து, "டாக்டர், உங்க வரி மாறுது" என்றாள்.

மதியம் தெல்மா நிலவறைப் படிக்கட்டின் அடியில் கைகால் பரப்பிக் கிடந்தார். நான் மண்டியிட்டேன். மணிக்கட்டைப் பிடித்தேன். ஒன்பது வருடத்தில் ஆயிரத்துக்கு மேற்பட்ட பிணங்களைத் தொட்ட கை இது. "நாடி இருக்கு. ஆம்புலன்ஸக் கூப்பிடுங்க!" என்றபோது எனக்கே குரல் நடுங்கிவிட்டது. நடிப்பு அபாரம் என்று இயக்குநர் என் தோளைத் தட்டினார். நடிப்பாவது! விரலுக்கடியில் தெல்மாவின் நாடி குதிரை ஓட்டம் ஓடிக்கொண்டிருந்தது.

"மெதுவாப் புடிங்க டாக்டரே, கை வலிக்குது" என்றார் பிணம், உதட்டை அசைக்காமல்.

மறுநாள் கடைசிக் காட்சியை மீண்டும் எடுத்தார்கள். முந்தின நாள் மண்டை உடைந்தவர் இன்றைக்குக் கட்டோடு தேநீர் கொண்டுவருவது நடக்கிற காரியமா? அப்பர் ஸ்னெடிலில் நடக்கும். தெல்மா ஒரு மூலையில் உட்கார்ந்து சாசரில் எழுதிக்கொண்டிருக்க, டெஸ்மண்ட் தயங்கித் தயங்கி வந்தார்.

"மேல ஒரு ஓரத்துல உன் பேரையும் எழுதிடு. இனிமே ஒழுங்கா பேர் சொல்லிக் கூப்பிடணும்னு முடிவு பண்ணிட்டேன். ஆனா மறந்துபோயிடுது."

"எழுதிட்டாப் போச்சு" என்றார் தெல்மா.

கேமரா ஓடியது. தெல்மா தலைக்கட்டோடு வந்து கோப்பையை நீட்டினார். டெஸ்மண்ட் அதைப் பிடித்தார், ஆழ்ந்த கண்களால் சாசரைப் பார்த்தார், கோயில் மணிக் குரலில் முழங்கினார்:

"நன்றி, தெல்மா. நேற்று இரவு இந்த அறையில் ஒருவர் பொய் சொன்னார்!"

அதற்கப்புறம் இரண்டு பக்கம், ஒரு தடங்கல் இல்லை. முடிந்ததும், காட்சிக்குக் காட்சி ஒத்துப்போகிறதா என்று குறிப்பெடுக்கும் அம்மாள் மெல்லக் கையைத் தூக்கினார்.

"மிஸஸ் டாப்ஸுக்கு மொதப் பேரே கெடையாதே. ஒம்போது வருசமா எந்தப் பிரதியிலயும் இல்ல."

ஃபிலிப்பா பத்தொன்பது தோல்விகளை நினைத்துப் பார்த்தாள். "இப்ப இருக்கு" என்றாள்.

பின்னால் எடிட்டர் அந்த ஒரு சொல்லை மட்டும் நறுக்கப் பார்த்தாராம். முடியவில்லை. அந்தச் சொல் விழும் நேரத்தில் கோப்பை பாதி தெல்மா கையில், பாதி டெஸ்மண்ட் கையில்.

அன்று மாலை சாசர்களைக் கழுவும் இடத்துக்கு நானும் போனேன். எனக்கு ஒரு சந்தேகம். அந்தச் சாசரில் பெயர் ஓரத்தில் தனியாக இல்லை. வசனத்தோடு வசனமாக, அதே வரியில், அதே அளவில் இருந்தது.

"தெல்மா, 'நன்றி'ங்கற சொல் பிரதியில இல்லையே?"

"அப்படியா டாக்டரே?" என்று கேட்டுக்கொண்டே, ஈரக் கட்டைவிரலால் அந்த வரியை அழித்துவிட்டார்.

ஞாயிறு மாலை ஒளிபரப்பானது. கடைசியில் நடிகர் பெயர்கள் ஓடின. வழக்கப்படி அந்தப் பட்டியலைத் தபால்தலை அளவுக்குச் சுருக்கி ஒரு மூலையில் தள்ளிவிட்டு, அடுத்து வரும் தோட்டக்கலை நிகழ்ச்சியைப் பற்றி ஒருவர் உற்சாகமாகப் பேசத் தொடங்கினார். தெல்மா ஹேக்ஸ்பி என்ற பெயரை அங்கே ஒருவராலும் படித்திருக்க முடியாது. அதனால் என்ன? தெல்மா என்பதைத்தான் நாடு முழுக்கக் காதால் கேட்டாகிவிட்டதே. திங்கட்கிழமை காலை பஸ் டிரைவர், "தல எப்படி இருக்கு, தெல்மா?" என்றானாம். இதைச் சொல்ல எனக்கு மூன்று தடவை தொலைபேசி செய்தார். மூன்றாம் தடவை பாதியிலேயே அழுதுவிட்டார்.

பிரிட்டிஷ் தொலைக்காட்சி சமாச்சாரம்தானே என்று நீங்கள் சாய்ந்து உட்காரப் பார்க்கிறீர்கள். கொஞ்சம் பொறுங்கள். உங்கள் சொந்தக்காரர் கல்யாண வீடியோக்களை எடுத்துப் போட்டுப் பாருங்கள்: பெரிய மனிதர் மாலை போடும்போது, அந்த மாலைத் தட்டை நீட்டுகிற கை யாருடையது? போன மாதம் அலுவலகக் கூட்டத்தில் மேலதிகாரி கைதட்டல் வாங்கினாரே, அந்தப் பேச்சை முந்தின நாள் உட்கார்ந்து எழுதியது யார்? அவர் உங்களைக் கடைசியாகப் பெயர் சொல்லிக் கூப்பிட்டது எப்போது? 'சார்', 'மேடம்', 'தம்பி', 'நம்ம ஆள்' எல்லாம் கணக்கில் சேராது. அவையெல்லாம் 'டார்லிங்' வகைதான்.

இதோ, இவ்வளவு நேரமாக உங்களிடம் வாய் ஓயாமல் பேசியிருக்கிறேன். என் பெயரை நீங்கள் ஒரு தடவைகூடக் கேட்கவில்லை. பரவாயில்லை டார்லிங், உங்கள் பெயரும் எனக்குத் தெரியாது. எதற்கும் பையில் ஒரு புருவப் பென்சில் வைத்துக்கொள்ளுங்கள்.